பிரான்மலைக்கு விதைப்பந்து தேவையா?

கானாடுகாத்தான் வாசி:
வருகிற ஆவணியில் நண்பர்கள் இருபது பேர் சிவகங்கை மாவட்டத்துப் பிரான்மலையில் விதைப்பந்து எறியப் போகிறோம். வேம்பு, புங்கன், வாகை, கொன்றை விதைகளைச் செம்மண்ணிலும் சாணத்திலும் பொதிந்து நாலாயிரம் உருண்டைகள் உருட்டியாகிவிட்டது. எங்கள் வீட்டு இரண்டாங்கட்டு முழுவதும் அவைதான் காய்கின்றன. பாரியின் பறம்பு மலை இதுதான் என்பார்கள். உழாமலே மூங்கில்நெல், பலா, வள்ளிக்கிழங்கு, தேன் என நான்கும் விளைந்த மலை என்று கபிலர் புறநானூற்றில் பாடியிருக்கிறார். இன்று கீழேயிருந்து அண்ணாந்து பார்த்தால் பாறையும் முள்ளும்தான் தெரிகின்றன. சுமார் 2,450 அடி உயர மலை மொட்டையாக நிற்பதைப் பார்க்க மனம் பொறுக்கவில்லை. வர விரும்புகிறவர்கள் பெயர் கொடுங்கள்.

சிங்கம்புணரி ஆசிரியை:
தம்பி, உங்கள் உழைப்பை மதிக்கிறேன். ஆனால் மலைமேல் எறியாதீர்கள். 'மொட்டை' என்ற சொல்லோடுதான் எனக்குச் சண்டை.

போன பங்குனியில் அந்தச் சரிவில் ஏறிக்கொண்டிருந்தேன். காலடியிலிருந்து சருகு ஒன்று எழுந்து பறந்தது. சருகல்ல, இரவில் இரை தேடும் பக்கிக் குருவி. அது இருந்த இடத்தில் குனிந்து பார்த்தால் கூடு கிடையாது, ஒரு குச்சிகூட இல்லை. வெறும் சரளைமேல் இரண்டு முட்டைகள். இளஞ்சிவப்பில் பழுப்புத் தீற்றல். இன்னும் ஒரு சாண் தள்ளிக் கால் வைத்திருந்தால் மிதித்திருப்பேன். அந்தப் பறவைக்கு வேண்டியது வெட்டவெளித் தரை. கவுதாரிக்குப் புல்லும் புதரும் வேண்டும். பாறை ஓணானுக்கு வெயில் ஏறிய பாறை வேண்டும். நாம் 'ஒன்றுமில்லை' என்று சொல்லும் இடத்தில்தான் இவை குடியிருக்கின்றன.

இந்தத் தவற்றை நீலகிரியில் ஏற்கெனவே செய்து பார்த்தாகிவிட்டது. அங்கே சோலைக்காடு மலையின் மடிப்புகளில் இருக்கும்; மேடெல்லாம் புல்வெளி. மரமில்லாத புல்வெளியை வீண் நிலம் என்று நினைத்து 1843 முதல் யூகலிப்டஸ் என்ற தைலமரத்தை நட்டார்கள், சீகை எனப்படும் வாட்டில் மரத்தையும் பரப்பினார்கள். உதகை அருகே கிளன்மார்கனில் ஒரு நீர்ப்பிடிப்புப் பகுதியில் யூகலிப்டஸ் நட்டு, நடாத பக்கத்துப் பகுதியோடு ஒப்பிட்டு அளந்தார்கள். முதல் பத்தாண்டிலேயே ஓடைக்கு வரும் நீர் 16 சதவீதம் குறைந்திருந்தது. நம் மாநில விலங்கான வரையாடு மேய்வது அந்தப் புல்லைத்தான். 2025 கணக்கெடுப்பில் தமிழ்நாடு முழுவதும் 1,303 வரையாடுகள்தான் இருந்தன.

கானாடுகாத்தான் வாசி:
உதகையை இங்கே கொண்டுவந்து பொருத்துவதை நான் ஏற்கவில்லை. அது 2,000 மீட்டருக்கு மேலே உறைபனி விழும் நிலம். சோலை மரக்கன்று புல்வெளியில் பிழைக்காததற்கு அந்த உறைபனியும் ஒரு காரணம். பிரான்மலையில் ஏது பனி? அங்கே நட்டது ஆஸ்திரேலிய மரம், நான் எறியப்போவது வேம்பு. நம்மூரில் மலை மொட்டையானது ஆட்டாலும் அரிவாளாலும்தான். என் ஐயா காலத்தில் விறகுக் கட்டுகள் அந்தப் பக்கமிருந்து வண்டி வண்டியாக வரும் என்று ஆயா சொல்லியிருக்கிறார். மனிதன் அழித்ததை மனிதன் திருப்பித் தருவதில் என்ன தவறு?

கண்டனூர் ஆச்சி:
பழனிக்கு நடக்கும் கூட்டத்தில் நானும் ஒருத்தி. குன்றக்குடியில் கிளம்பி, சிங்கம்புணரி, சமுத்திராபட்டி, நத்தம் என்று போகும்போது வழியெல்லாம் இப்படிப்பட்ட மலைகள்தான். ஒருமுறை நத்தம் தாண்டி விடியுமுன் நடந்தபோது வேலி உசிலையில் இரண்டு செம்புப் பொட்டுகள் மின்னின. தேவாங்கு! டார்ச் வெளிச்சத்தில் அசையாமல் பார்த்துவிட்டு, ஒவ்வொரு விரலாகக் கிளையைப் பற்றி மெல்ல நகர்ந்தது. கண் தெரியாதவர் சுவரைத் தடவிப் போவது போலிருந்தது. கரூர், திண்டுக்கல் மாவட்டங்களில் கடவூர் மலையை ஒட்டி 2022இல் 11,806 ஹெக்டேரை இந்தியாவின் முதல் தேவாங்கு சரணாலயமாக அறிவித்தார்களே, அதுவும் இதே மாதிரி உலர்ந்த முட்காடுதான்.

ஆனால் ஆசிரியை அவர்களே, தேவாங்கு கிளைவிட்டுக் கிளை போகிற பிராணி. இடையில் மரம் இல்லையென்றால் தவித்துப் போகும். ஆக மரமே வேண்டாம் என்று சொல்லிவிட முடியாது அல்லவா?

சிங்கம்புணரி ஆசிரியை:
ஆச்சி, சரியாகப் பிடித்தீர்கள். மரமே வேண்டாம் என்பதல்ல என் பேச்சு. உசிலை, வெப்பாலை, வெள்வேல், கிளுவை, காரை, சூரை என்று இந்த மலைக்கு உரியவை அங்கேயே இருக்கின்றன; வெட்டாமல் விட்டால் அடிமரத்திலிருந்து மறுபடி தழைக்கின்றன. உறைபனி பற்றித் தம்பி சொன்னதையும் ஒப்புக்கொள்கிறேன். இங்கே காரணம் வேறு: மண் இல்லை. பாறை இடுக்கில் நாலு விரல் மண்ணில் நிற்கத் தெரிந்த செடிதான் அங்கே நிற்கும்.

இன்னொன்றையும் யோசியுங்கள். மேலூர்ப் பக்கம் அரிட்டாபட்டியில் ஏழு குன்றுகள், பெரும்பாலும் வெறும் பாறை. லகர் வல்லூறு என்ற வேட்டைப்பறவை அங்கே இருக்கிறது. அந்தப் பாறையில் விழும் மழைதான் சுனைகளுக்கும் ஏரிகளுக்கும் போகிறது. 2022இல் அதைத் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவித்தார்கள். அப்படியிருந்தும் அந்த இடத்தையும் சேர்த்து டங்ஸ்டன் சுரங்கத்துக்கு ஏலம் விட்டார்கள். ஊர் திரண்ட பிறகே 2025 ஜனவரியில் ஏலம் ரத்தானது. நாமே நம் மலையை 'ஒன்றுமில்லாத மொட்டை' என்று எழுதி வைத்தால், நாளைக்கு வெடி வைக்க வருகிறவனுக்கு நாமே சான்றிதழ் கொடுத்த மாதிரி ஆகிவிடும்.

பொன்னமராவதி ஆட்டுக்காரர் மகன்:
ஆடு என்றதும் எல்லாரும் எங்களைத்தான் பார்க்கிறீர்கள். எங்கள் அப்பா நாற்பது வருடம் மலையடியில் ஆடு மேய்த்தவர். கடித்தாலும் காரையும் சூரையும் மறு மழையில் துளிர்க்கும் என்பதைப் பார்த்து வளர்ந்தவன் நான். கோடையில் சிலர் புல்லுக்குத் தீ வைப்பதுதான் பெரிய கேடு. ஆமையும் முட்டையும் அதில்தான் போகின்றன. அதை நானும் கண்டிக்கிறேன். ஆனால் மலையை மூடிவிட்டால் பத்து ஆடு வைத்திருக்கும் கைம்பெண் எங்கே போவாள்? அதற்கும் பதில் சொல்லிவிட்டுக் காடு வளர்க்கலாம். பக்கத்துச் சமவெளியில் ஏக்கர் ஏக்கராகத் தைலமரம் நிற்கிறது. அதனடியில் ஒரு புல் உண்டா, ஒரு கவுதாரி உண்டா? அதைப் பற்றி யாரும் பேசவில்லை.

கானாடுகாத்தான் வாசி:
தைலமரம் பற்றி நீங்கள் சொன்னது நெஞ்சில் தைத்தது. பச்சையாகத் தெரிகிறதே என்று நானும் பல வருடம் சும்மா கடந்து போயிருக்கிறேன்.

மேய்ச்சலில் உங்களோடு உடன்பட மாட்டேன். அடிவாரத்தில் கொஞ்ச இடத்தையாவது ஐந்து வருடம் ஆடு ஏறாமல் விட்டுப் பார்க்க வேண்டும். பாறைச் சரிவில் எறிவதை மட்டும் நிறுத்திவைக்கிறேன். காப்புக்காட்டுக்குள் அனுமதி இல்லாமல் எறியக்கூடாது என்று நண்பர் ஒருவரும் தனியாக எச்சரித்தார். உருண்டைகளை எங்கள் ஊருணிக்கு நீர் கொண்டுவரும் வரத்துக்காலின் இரு கரையிலும் ஊன்றப் போகிறோம். ஐப்பசி மழையில் பிடித்துக்கொள்ளும். கபிலர் பாடிய மூங்கிலைப் பற்றி மட்டும் என் மனம் இன்னும் ஆறவில்லை, ஆசிரியை அவர்களே.

சிங்கம்புணரி ஆசிரியை:
மூங்கில் ஈரம் தங்கும் மடிப்பில்தான் நின்றிருக்கும், பாறை முகட்டில் அல்ல. வாருங்கள், அந்த மடிப்புகளை நேரில் காட்டுகிறேன். அங்கே வைக்கலாமா என்று வனத்துறையிடம் சேர்ந்தே கேட்போம். சனிக்கிழமை மாலை ஐந்தரைக்கு அடிவாரக் கோயில் வாசலில் நிற்பேன். ஆட்டுக்காரர் மகனும் வர வேண்டும், தடம் அவருக்குத்தான் தெரியும். இருட்டும் வரை பேசாமல் உட்கார்ந்திருந்தால் பக்கி கூப்பிடும். ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் கோலிக்குண்டு துள்ளித் துள்ளி ஓய்வது போலிருக்கும் அந்தக் குரல்.