எழுத்தை ஒலியால் மாற்றும் வித்தை: தமிழில் என்ன சொல்லலாம்?

குழுவினர் அனைவருக்கும் வணக்கம்.

எங்கள் விளையாட்டின் கையேடு முக்கால்வாசி முடிந்துவிட்டது. ஒரே ஒரு சொல்லுக்காகப் பத்து நாளாக நிற்கிறது. கதை இதுதான்: கல்லிலோ தகட்டிலோ பொறித்த எழுத்தின் முன் நின்று ஒருத்தி குரல் கொடுப்பாள். எழுத்து உருமாறும், கூடவே பொருளும் மாறும். ‘நகம்’ என்று கீறிய ஓலையின் முதலெழுத்தை இரண்டு மாத்திரைக்கு இழுத்தால் அங்கே நாகம் படமெடுக்கும். ‘கல்’ காலாகி நடந்து போய்விடும். இந்த வித்தைக்கு ஒரு பெயர், செய்பவருக்கு ஒன்று, விளைவுக்கு ஒன்று வேண்டும்.

இதுவரை குழுவில் நீங்கள் சொன்ன பெயர்களில் ‘நாதலிபி மாந்திரிகம்’ கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் அதை வினையாக்க முடியாது. ‘ஒலிவழிக் குறிமாற்றவியல்’ எனக்கு ஒத்துவரவில்லை. எதற்கெடுத்தாலும் இயல் ஒட்டும் பழக்கத்தை நாம் எப்போது விடப்போகிறோம்? கதையில் ஒரு கிழவி ஓடிவந்து “ஐயோ, அவ ஒலிவழிக் குறிமாற்றவியலாளர்டா” என்று கத்தி முடிப்பதற்குள் பாம்பு கொத்திவிடும். போதாக்குறைக்கு, எங்கள் வேலூர்ப் பக்கம் குறி என்றால் பம்பை உடுக்கை அடித்து, சாமி வந்து சொல்வது. குறிமாற்று என்றால் சாமி பேச்சு மாறிவிட்டது என்றுதான் கேட்பவர் நினைப்பார்.

வாணியம்பாடி அண்ணன் சொன்ன ‘ஓதுமாற்று’தான் என்னை நிறைய யோசிக்க வைத்தது. அவர்கள் வீட்டில் காய்ச்சல் என்றால் பீங்கான் தட்டில் குங்குமப்பூக் கரைசலால் குர்ஆன் வசனம் எழுதி, ஓதி ஊதி, தண்ணீர் விட்டு அலசிக் குடிக்கத் தருவார்களாம். மஞ்சள் எழுத்து ஓரத்தில் இழைபிரிந்து தண்ணீரில் இறங்குவதை அவர் எழுதியிருந்த விதத்தில் தட்டே கண்முன் வந்தது. எழுத்து, ஒலி, உருமாற்றம் மூன்றும் அதில் இருக்கின்றன. ஆனாலும் வேண்டாம் என்கிறேன். ஓதுதல் அங்கே ஒருவருடைய இறைநம்பிக்கை. இந்தப் பக்கம் கோயிலில் தேவாரம் பாடும் ஓதுவாரும் இருக்கிறார். இருவரையும் விளையாட்டு மந்திரவாதியாக்க எனக்கு மனமில்லை.

அடுத்து, ‘ஒலி’ என்ற சொல் நமக்குத் தேவையா என்றே கேட்கிறேன். நன்னூல் எழுத்தை அணுத்திரளிலிருந்து பிறக்கும் ஒலி என்றுதான் வரையறுக்கிறது. வரிவடிவம் அதன் பிறகுதான். ‘எழுத்து’ என்று சொன்னாலே இரண்டும் வந்துவிடுகின்றன. ஒரு சொல் மிச்சம்.

மீதி இருப்பது வினை. போன ஞாயிறு காட்பாடி வீட்டில் ஒரு வேலை செய்து பார்த்தேன். பழைய பால்பவுடர் டின்னின் இரண்டு பக்கமும் வெட்டி, மேல்வாயில் பலூனை இழுத்துக் கட்டி, ரவை தூவினேன். கீழ்வாயில் முகத்தை வைத்து ‘ஊ’ என்றேன். ரவை துள்ளி, அதிராத இடமாகப் பார்த்து ஒதுங்கி, ஒரு வளையமாக நின்றது. சுருதியை ஏற்றினேன். வளையம் உடைந்து வேறு கோடுகள். 1787இல் ஜெர்மன் இயற்பியலாளர் எர்ன்ஸ்ட் கிளாட்னி தகட்டில் மணல் தூவி, விளிம்பை வயலின் வில்லால் இழைத்துக் காட்டிய அதே சங்கதி. அம்மா எட்டிப் பார்த்து, “இன்னாடா, கோலம் ஆடுது?” என்றார். அடுத்த கேள்வி, உப்புமாவுக்கு ரவை மிச்சம் இருக்கிறதா என்பது.

‘எழுத்தாட்டு’ என்று உடனே குறித்துக்கொண்டேன். ஆனால் ஆட்டுவது என்றால் மாவுதான் நினைவுக்கு வருகிறது. அதை ஒட்டியே வந்தது ‘அசை’. யாப்பில் அசை என்பது எழுத்து சேர்ந்து ஆகும் ஒலி அலகு. வினையாக வந்தால் இடம்பெயர்ப்பது. ஒரே சொல்லில் கருவியும் செயலும் இருக்கின்றன.

ஆக என் பரிந்துரை: வித்தை எழுத்தசைப்பு. செய்பவள் எழுத்தசைப்பி. ‘அவள் கல்லெழுத்தை அசைத்தாள்’ என்று வாக்கியத்தில் இடறாமல் உட்காருகிறது. விளைவுக்குப் புதுச்சொல்லே வேண்டாம், திரிபு போதும். பொன்னும் குடமும் சேர்ந்து பொற்குடம் ஆவதைத் திரிதல் என்று பள்ளிக்கூடத்திலேயே படித்துவிட்டோம். பக்கத்து ஒலியால் ன் என்பது ற் ஆவது இந்த வித்தையேதான். வித்தைக்கே திரிப்பு என்று வைக்கலாம் என்றாலோ, திரிக்கிறான் என்பதற்குப் புளுகுகிறான் என்று எப்போதோ பொருள் வந்துவிட்டது.

மந்திரத்தின் விலையை மாத்திரையில் கணக்கிடுகிறோம்: குறில் 1, நெடில் 2, மெய் அரை. வேலூரில் மாத்திரை கேட்டால் மெடிக்கல் ஷாப்புக்குத்தான் கை காட்டுவார்கள், பரவாயில்லை.

காட்பாடியிலிருந்து.

*

> பக்கத்து ஒலியால் ன் என்பது ற் ஆவது

தம்பி, எழுத்தசைப்பு எனக்குச் சம்மதம். ஆனால் குற்றியலுகரத்தை மறந்துவிட்டாயே. ‘நாடு’ என்பதில் கடைசி உகரம் அரை மாத்திரையாகக் குறுகுகிறது, எழுத்து ‘டு’ அப்படியேதான் நிற்கிறது. ஒலி மாறியும் எழுத்து மாறவில்லை. உன் விளையாட்டில் ஒருவன் ‘நாடு’ என்று பொறித்த கல்லைக் கொண்டுவந்து வைத்தால் என்ன செய்வாய்?

குடியாத்தத்திலிருந்து.

*

அண்ணே, மாட்டிக்கொண்டேன். ஆனால் நீங்கள் கேட்டதிலேயே நான்காவது சொல்லும் கிடைத்துவிட்டது. குரல் கொடுத்தும் மாறாமல் நிற்கும் எழுத்துக்கு ‘அசையா எழுத்து’. கோட்டை வாசல் கதவுக்கெல்லாம் அதைத்தான் பொறித்து வைக்கப்போகிறோம். அம்மாவிடம் சொன்னேன், “அசையாச் சொத்து மாதிரியா?” என்றார். ஆமாம் என்றேன். பட்டா யார் பேரில் என்று கேட்கிறார்.