மறுமொழி: மணிவண்டின் நிறத்துக்கு ஒரு தமிழ்ச்சொல்

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். ஜப்பானின் ஹோர்யூஜி கோயிலிலுள்ள, வண்டுச் சிறகுகள் பதித்த சிறு வழிபாட்டு மாடமான தமாமுஷி மாடத்தைப் பற்றிய பள்ளிப் பாடம் வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. தமா என்றால் மணி, முஷி என்றால் பூச்சி. நம் பொன்வண்டும் அதே குடும்பம்தான். ஆனால் பேரினம் வேறு என்பதால் ‘மணிவண்டு’ என்றே எழுதிவிட்டேன். திண்டாட்டமெல்லாம், பார்க்கும் கோணத்துக்கேற்ப வேறாகத் தெரியும் அதன் நிறத்தை எந்தத் தமிழ்ச்சொல்லால் சொல்வது என்பதில்தான்.

அதற்காக நான் கேட்ட சொல்லுக்குக் குழுவில் பெரும்பாலோர் ஏற்ற ‘நிறமாறொளி’ எனக்கு உடன்பாடில்லை. நிறம் மாறுகிறது என்றால் பச்சோந்திதான் நினைவுக்கு வரும். மணிவண்டு மாறுவதில்லை, பார்ப்பவர் கண்ணின் கோணம் மாறுகிறது. அதன் வன்சிறகில், அதாவது உடலை மூடும் கெட்டியான மேற்சிறகில், மிக மெல்லிய அடுக்குகள் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்திருக்கின்றன. அடுக்குதோறும் பட்டுத் திரும்பும் ஒளி தம்முள் கூடியும் கழிந்தும் பச்சையாகத் தெரிகிறது, சாய்க்கச் சாய்க்க நீலத்தை நோக்கி நகர்கிறது. சாயம் வெளுக்கும், இந்த அடுக்கு எளிதில் வெளுக்காது. 7ஆம் நூற்றாண்டில் அம்மாடத்தின் துளைவேலைத் தகடுகளுக்கு அடியில் பதித்த சிறகுகளுள் பெரும்பாலானவை அழிந்துபோக, எஞ்சியவை இன்றும் மின்னுவது அதனால்தான்.

‘சாய்நிறம்’ என்று பரிந்துரைத்த புலவர் ஐயா, ‘சாயல் மென்மை’ என்னும் தொல்காப்பிய உரியியல் நூற்பாவையும் மயிலின் சாயலையும் எடுத்துக்காட்டியது இனிமையாக இருந்தது. ஆயினும் மாணவர் காதில் அது சாயம் என்றே விழும். சாயமே இல்லாத நிறத்துக்கு அப்பெயர் பொருந்தாது. குறுந்தொகையின் ‘அஞ்சிறைத் தும்பி’க்கு ‘உள்ளிடத்துச் சிறை’ என உரை சொல்வதைக் கொண்டு வண்டின் உட்சிறகை ‘அஞ்சிறை’ எனலாம் என்றும் அவர் எழுதினார். ‘அகம்’ என்பது ‘அம்’ எனக் குறுகுவதற்கு, அடுத்து வரும் சொற்களாகச் செவியையும் கையையும் மட்டுமே நன்னூல் சொல்கிறது என்று மறுத்தவருக்கு என் பதில் இது: விதி அமையாவிட்டாலும் சொல் அழகானது, பாடத்தில் சேர்த்துவிட்டேன்.

நான் முன்வைப்பது ‘மயில்கழுத்து நிறம்’. பாவு ஒரு நிறமும் ஊடை வேறு நிறமுமாக நெய்த பட்டின் மடிப்பை விரலில் எடுத்து அசைத்தால், மேட்டில் நீலமும் பள்ளத்தில் பச்சையும் ஓடும். அதைப் பார்த்ததும் நம் வீட்டுப் பாட்டி சொல்லும் சொல் இதுவே. ஜப்பானியரும் இத்தகைய நெசவின் நிறத்தை மணிவண்டின் பெயராலேயே, ‘தமாமுஷி இரோ’ என்று வழங்குகிறார்கள். பட்டின் நிறம் சாயத்தால் வருவது, வண்டினுடையது அப்படியன்று என்று இயற்பியல் ஆசிரியை எழுப்பிய தடை வலுவானது. ஆனால் உண்மையான மயிலின் கழுத்து நீலமும் இறகின் நுண்ணமைப்பால் வருவதே. சேலைதான் மயிலிடம் பெயரைக் கடன் வாங்கியது.

ஒரு குறை மட்டும் தீரவில்லை. எத்தரப்பினரும் தமக்கேற்பப் பொருள்கொள்ளுமாறு சொல்லப்படும் அரசியல் மறுமொழியையும் ஜப்பானியர் ‘தமாமுஷி இரோ’ என்பர். மயில்கழுத்துக்கு அப்பொருள் ஏறாது. பாடத்தில் அப்பொருள் வரும் வரியில் ‘பிடிகொடுக்காத பேச்சு’ என்று எழுதியிருக்கிறேன். நிறத்தின் தொடர்பு அங்கே அறுந்துபோகிறது என்பது எனக்கே உறுத்துகிறது.

ஆசிரியை இன்னும் இசையவில்லை. அவருடைய ‘அடுக்கொளி நிறம்’ என்பதை அடிக்குறிப்பில் தருகிறேன். வியாழன் மாலைக்குள் இரண்டு பொருளையும் தாங்கும் ஒரு சொல் வந்தால், மெய்ப்பில் மாற்றிவிடுவேன்.