ஆங்கிலக் கவிதையில் இடம் மாறி நிற்கும் சொற்கள்: என் வாசிப்பு அனுபவம்

முதுகலையில் ஆங்கில இலக்கியம் எடுத்தபோது கவிஞர் மில்டனைப் பற்றித்தான் எனக்கு முன் படித்தவர்கள் அதிகமாக அச்சுறுத்தினார்கள். 1667இல் வெளிவந்த அவருடைய ‘பாரடைஸ் லாஸ்ட்’ காவியத்தின் முதல் வாக்கியம் 16 அடிகளுக்கு நீள்கிறது. கலைத்தெய்வத்தை நோக்கிப் ‘பாடு’ என்று வேண்டும் வினை 6ஆம் அடியில்தான் தலைகாட்டுகிறது. படித்துப் பார்த்தபோது எனக்கு அதில் எந்தத் திகைப்பும் ஏற்படவில்லை. மனிதனின் முதல் கீழ்ப்படியாமையைப் பற்றி, விலக்கப்பட்ட மரத்தின் கனியைப் பற்றி, அதனால் உலகில் புகுந்த சாவைப் பற்றி என்று அடுக்கிக்கொண்டே போய் இறுதியில் ‘பாடுவாய்’ என்று முடிப்பது தமிழ்க் காதுக்குப் பழகிய நடைதான். ஆனால் அந்த எளிமையே ஒரு குறை என்பதை உணரப் பின்னர் வெகுகாலம் ஆயிற்று. வினைக்காகக் காத்திருந்தே பழகிய நமக்கு, மில்டன் தம் வாசகரைக் காத்திருக்க வைத்தது உறைப்பதில்லை. அந்தக் காத்திருப்பை உணர வேண்டுமானால், ஆங்கில வாக்கியம் வழக்கமாக எந்த வரிசையில் வரும் என்ற எதிர்பார்ப்பை முதலில் நமக்குள் வளர்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. இலக்கணப் படிப்பு கவிதைக்கு எதற்கு என்று கேட்பவர்களுக்கு நான் சொல்லும் பதில் இதுதான்.

பழைய ஆங்கிலத்தில் நம் வேற்றுமை உருபுகளைப் போன்ற விகுதிகள் இருந்தன. ஆகவே சொற்களை ஓரளவு விருப்பம்போல் இடம் மாற்ற முடிந்தது. இடைக்கால ஆங்கிலத்தில் அவ்விகுதிகள் பெரும்பாலும் தேய்ந்து உதிர்ந்தபின், எது எழுவாய், எது செயப்படுபொருள் என்று காட்டும் வேலை சொல் நிற்கும் இடத்தின் மேல் விழுந்தது. ‘கண்டனென் கற்பினுக்கு அணியை’ என்று கம்பர் வினையை முன்னே கொண்டுவந்தபோது, கூடவே ‘ஐ’ உருபு நின்று பொருளைக் காத்தது. மில்டன் காலத்து ஆங்கிலப் பெயர்ச்சொல்லுக்கு அந்தக் காவல் கிடையாது. பிரதிப்பெயர்களில் மட்டும் ‘ஹீ’, ‘ஹிம்’ என்ற வேறுபாடு எஞ்சியிருந்தது, இன்றும் எஞ்சியிருக்கிறது.

அந்த எச்சத்தை மில்டன் கையாளும் ஓர் இடத்தை நான் திரும்பத் திரும்பப் படித்திருக்கிறேன். முதற்காண்டத்தின் 44ஆம் அடியில், சாத்தானை இறைவன் வானிலிருந்து தூக்கி எறிவதைச் சொல்லும்போது, ‘ஹிம் தி ஆல்மைட்டி பவர்’ என்று தொடங்குகிறார். ‘ஹர்ல்ட்’ என்ற வினை அடுத்த அடியின் தலையில் விழுகிறது. ‘அவனை’ என்பது வாக்கியத்தின் உச்சியில் நிற்க, எறிபவர் அதன் பின்னால் வர, எறிதல் அடி மாறியபின் நிகழ, ‘டவுன்’ என்ற சொல் இன்னும் ஓர் அடி தள்ளி அதன் கடைசியில் தொங்க, வாசிப்பவரின் கண்ணும் சாத்தானோடு சேர்ந்தே கீழே இறங்குகிறது. வகுப்பில் எழுதச் சொல்வார்களே, ‘ப்ரோஸ் ஆர்டர்’ என்ற உரைநடை வரிசை, அதன்படி எழுவாய், வினை, செயப்படுபொருள் என்று இதை நேராக்கினால் செய்தி அப்படியே இருக்கும், வீழ்ச்சி இருக்காது. அப்பயிற்சி வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அதைச் செய்து பார்த்தால்தான் எது காணாமற்போயிற்று என்பது தெரியும்.

நேராக்கவே முடியாத அடிகளும் உண்டு. 1751இல் வெளிவந்த தாமஸ் கிரேயின் கல்லறைத் தோட்ட இரங்கற்பாவில், ‘அண்ட் ஆல் தி ஏர் எ சாலம் ஸ்டில்னஸ் ஹோல்ட்ஸ்’ என்று ஓர் அடி வருகிறது. காற்று அமைதியைத் தாங்கியிருக்கிறதா, அமைதி காற்றைப் பிடித்துவைத்திருக்கிறதா? பழைய புத்தகக் கடையில் நான் வாங்கிய பிரதியில், முன்பு வைத்திருந்த யாரோ ஒரு மாணவர் சொற்களின் தலையில் பென்சிலால் 1, 2, 3 என்று எண் போட்டிருந்தார். முதலில் அமைதிக்கு 1 போட்டு, ரப்பரால் தேய்த்துவிட்டு, காற்றுக்கு 1 போட்டிருந்தார். தேய்த்த இடத்தில் தாள் நைந்திருந்தது. அவரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. இரண்டு பெயர்களும் ஒருமை; ஆகவே வினையின் ஈற்றைக் கொண்டு முடிவு செய்ய வழியில்லை. முந்தைய அடியோ ‘நவ் ஃபேட்ஸ்’ என்று வினையை எழுவாய்க்கு முன்னால் வைத்து, வரிசை புரளலாம் என்று நம்மைப் பழக்கிவிட்டிருக்கிறது. இரண்டு வாசிப்புகளும் ஒருங்கே நிற்கட்டும் என்பதே என் கட்சி. வகுப்பில் எங்கள் ஆசிரியர் ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொன்னார். தேர்வுத் தாளில் அப்படித்தான் எழுதினேன்.

இவ்விதப் புரட்டல் எல்லாருக்கும் ஒத்துவரும் என்றும் சொல்வதற்கில்லை. ‘ஹைப்பீரியன்’ கவிதையில் மில்டன் பாணிச் சொல்புரட்டல்கள் மிகுந்துவிட்டன என்று 1819 செப்டம்பரில் ஒரு கடிதத்தில் எழுதி, அதைப் பாதியில் கைவிட்டார் கீட்ஸ். ஆண்டுதோறும் ஒரு முறையாவது அந்த முற்றுப்பெறாத கவிதையைப் படிக்கும் எனக்கு அவர் முடிவில் உடன்பாடில்லை.

ஷேக்ஸ்பியரிடம் நான் கண்டது வேறு வகை. அவர் காலத்தில் வினையை முன்னே தள்ளியும் வினாத் தொடுக்கலாம், ‘டூ’ என்ற துணைவினையைச் சேர்த்தும் தொடுக்கலாம். ‘மேக்பெத்’ இரண்டாம் அங்கம் மூன்றாம் காட்சியில், ‘கோஸ் தி கிங் ஹென்ஸ் டுடே?’ என்று லெனாக்ஸ் என்ற பிரபு பழைய முறையில் கேட்கிறான். அரசன் இன்று புறப்படுகிறாரா என்பது கேள்வி. அரசனை மேக்பெத் ஏற்கெனவே கொன்றாகிவிட்டது. ‘ஹீ டஸ்’ என்று நிகழ்காலத்தில் ஒப்புக்கொண்ட மேக்பெத், அடுத்த மூச்சிலேயே ‘ஹீ டிட் அப்பாயின்ட் ஸோ’ என்று இறந்தகாலத்துக்குத் தாவுகிறான். அப்படித்தான் அவர் ஏற்பாடு செய்திருந்தார் என்று சொன்னதில் பொய்யும் இல்லை. துணைவினை ஒன்றேதான், காலம் மட்டும் மாறியது. எதிரில் நிற்கும் லெனாக்ஸ் அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை.