உங்கள் பெயர் வேற்று மொழிக்காரர் காதில் விழுந்த நாள்

தெம்பனிஸ் அப்பா

மகள் பெயர் நிலா. மூன்று வயது. நடந்தது சிங்கப்பூர் தெம்பனிஸ் பேட்டையில், எங்கள் அடுக்குமாடி லிஃப்டில், ஒரு நிமிடம்கூட இருக்காது. ஆனால் ஒரு மாதமாக மனதை அரிக்கிறது, அதனால்தான் இங்கே கொட்டுகிறேன்.

மேல் மாடிக்குப் புதிதாகக் குடிவந்த மலாய்ப் பாட்டி, பிள்ளையின் கன்னத்தைத் தடவி, "நாமா அப்பா?" என்றார். பெயர் என்ன என்று கேட்கிறார். அவள் 'அப்பா' என்பதை மட்டும் பிடித்துக்கொண்டு என்னைக் கைகாட்டினாள். நான் சிரித்துக்கொண்டே "நிலா" என்றேன். பாட்டியின் வாய் சிரித்தபடியே இருக்கிறது, கண் மட்டும் விலகி லிஃப்ட் எண்களைப் பார்க்கிறது. அப்புறம் தனக்குள் சொல்வதுபோல "நிலா செதித்திக்..." என்று முனகிவிட்டு, கீழே கதவு திறந்ததும் இறங்கிப் போய்விட்டார்.

அந்தப் பழமொழி இங்கே பலருக்கும் தெரிந்திருக்கும். கெரானா நிலா செதித்திக், ரோசாக் சூசு செபெலாங்கா. ஒரு சொட்டு நிலாவால் ஒரு பானைப் பால் கெட்டது. அவர்களுக்கு நிலா என்றால் நீலச் சாயம், அவுரி. ஒரு குடம் பாலுக்கு ஒரு துளி விஷம் என்று நாம் சொல்வோமே, அதே கதை. வீட்டில் இன்னும் சொல்லவில்லை. பெயர் வைத்தது மாமியார்.

சூசை பேரன்

தாத்தா பெயர் சூசை. கப்பல் பட்டறையில் வேலை. அங்கிருந்த மலாய் மண்டோர் (மேஸ்திரி) கடைசிவரை அவரை 'யூசோப்' என்றுதான் கூப்பிட்டார். மண்டோருக்கு வாய் வரவில்லை என்று வீட்டில் எல்லாருக்கும் கேலி. நானும் அப்படிக் கூப்பிட்டு அடி வாங்கியிருக்கிறேன்.

தாத்தா இறந்தபோது ஓஃபிர் சாலை லூர்து மாதா கோயிலில் பூசை (1888-இல் திறந்தது, தமிழ்க் கத்தோலிக்கருக்கென்றே எழும்பிய கோயில்). மண்டோர் சக்கர நாற்காலியில் வந்து வாசலோடு நின்றுவிட்டார். நான் போய்க் கையைப் பிடித்தேன். கையில் இருந்த அஞ்சலிக் காகிதத்தில் 'ஜோசப்' என்று அச்சடித்திருந்த இடத்தை நகத்தால் தட்டி, "யூசோப். நபி யூசோப்" என்றார். அந்த நகம், அந்தத் தட்டல், இன்னும் கண்ணில் நிற்கிறது. மனிதர் தப்பாகவே கூப்பிடவில்லை. எபிரேய யோசேப்பு அரபியில் யூசுப், போர்த்துகீசியப் பாதிரியார் வாயில் ஜோசே, நம் கடற்கரையில் சூசை. முப்பது வருடம் அந்தப் பெயருக்குத் திரும்பிப் பார்த்த தாத்தாவுக்கு இது தெரியுமா? கேட்காமல் விட்டுவிட்டேன்.

நம் ஆட்கள் எல்லாப் பெயரையும் இப்படி ஒலியாக எடுத்துக்கொள்ளவில்லை என்பதும் வேடிக்கை. லத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவர், ஆகவே சின்னப்பர். யோவான் என்றால் கடவுள் அருளினார், ஆகவே அருளப்பர். இப்போது விவிலியத்தில் யோவான், பவுல் என்று மாற்றிவிட்டார்கள். தோண்டிப் பார்த்தால் எல்லாப் பெயரும் ஒன்றுதான்.

எழில்

தெம்பனிஸ் அப்பாவுக்கு ஒரு வார்த்தை. என் கதை சின்னது: ஆங்கிலத்தில் 'ழ'வுக்கு இசட் எச் போட்டுப் பதிந்தார்கள். பாலிடெக்னிக் விரிவுரையாளர் முதல் நாள் பட்டியலைப் பார்த்து "ஈசல்?" என்றார். மழைக்குப் பின் விளக்கைச் சுற்றுமே, அது. தமிழ்ப் பிள்ளைகள் நான்கு பேர் மேசையில் தலை கவிழ்ந்து சிரித்தார்கள். மூன்று வருடம் ஈசல்.

ஆகவே பெயர் வைக்கப்போகிறவர்கள் கேளுங்கள். முதலில் ஐந்து பேரிடம் ஆங்கில எழுத்தைக் காட்டி வாசிக்கச் சொல்லுங்கள், ஒருவர்கூடத் தமிழராக இருக்கக் கூடாது. யாழினிக்கு ஒற்றை எல் போதும், இலக்கணம் பார்க்காதீர்கள். இரண்டாவது, மலாய் நண்பர் ஒருவர், மாண்டரின் பேசுபவர் ஒருவர், இருவரிடமும் கேளுங்கள். கலா என்றால் மலாயில் தேளும் வரும். மணி என்ற பெயரோடு என்எஸ் (தேசிய சேவை) போனவர்களைக் கேளுங்கள், அங்கே அதற்கு என்ன பொருள் என்று அவர்களே சொல்வார்கள், நான் எழுத மாட்டேன். மூன்றாவது, எழுத்துக்கூட்டலை அண்ணன் தங்கைக்கு ஒரே மாதிரி வையுங்கள். ஒரே வீட்டில் ஒருவர் ஜெயா, ஒருவர் ஜயா, ஒருவர் செல்வி, ஒருவர் செல்விக்கு சி எச். லட்சுமி இங்கே லெட்சுமி ஆகி அதற்குள் ஒரு டி நுழைந்து உட்கார்ந்துகொண்டது, யார் நுழைத்தது என்று யாருக்கும் கவலை இல்லை. 1819-இல் ராஃபிள்ஸோடு வந்து இறங்கிய நாராயண பிள்ளையையே ஆங்கிலத்தில் நரைனா என்றுதான் எழுதி வைத்தார்கள். நான்காவது, எண்கணிதம் பார்த்து நடுவில் இரண்டு ஏ சேர்க்காதீர்கள், பிள்ளை பாஸ்போர்ட் எடுக்கும்போது திட்டும்.

டாக்சி நாதன்

சூசை பேரன் தம்பி, கதை நெஞ்சைத் தொட்டது, ஆனால் இரண்டு திருத்தம். சூசையப்பர் வேறு, நபி யூசுப் வேறு ஆள். இவர் மாதாவின் கணவர், அவர் யாக்கோபின் மகன். பெயர்தான் ஒன்று. அடுத்து, 'எல்லாப் பெயரும் ஒன்றுதான்' என்பது சுத்தமாகத் தப்பு. நானே சாட்சி.

வாட்டர்லூ ஸ்திரீட் யூதர் கோயில் வாசலில் ஒரு வெள்ளைக்காரப் பெரியவர் ஏறினார். என் பெயர் அட்டையைப் பார்த்ததும் முன் சீட்டுக்குச் சாய்ந்து, "நேத்தன்! என் பேரன் பெயர்!" என்றார். எபிரேயத்தில் 'கொடுத்தான்' என்று பொருளாம். நான் ஐயா, இது நாதன், வடமொழி, தலைவன் என்று பொருள், எங்கள் முன்னாள் அதிபர் எஸ்.ஆர். நாதனும் இதே நாதன்தான் என்றேன். அவர் கேட்கவில்லை. "இல்லை இல்லை, வேர் ஒன்றாகத்தான் இருக்கும்" என்று சாங்கி வரை பாடம். இறங்கும்போது மீதியை வாங்காமல் "பேரனுக்காக" என்றார். மறுக்கவும் மனமில்லை, ஒத்துக்கொள்ளவும் மனமில்லை. ஆங்கிலத்தில் எழுத்து ஒன்று, வேர் இரண்டு. அவ்வளவுதான்.

சுசீலா

நாதன் அண்ணன் சொல்வது சரி, ஆனால் எனக்கு நேர்மாறாக நடந்தது. மாமியாரைப் பார்த்துக்கொள்ள வந்த பெண் ஜாவாக்காரர். முதல் நாள் என் பெயரைச் சொன்னதும் கையை வாயில் வைத்துக்கொண்டு, "சுசிலோ! பிரசிடென்!" என்றாள். 2004-இலிருந்து பத்து வருடம் இந்தோனேசியாவில் அதிபராக இருந்த சுசிலோ பம்பாங் யுதயோனோ. நல்ல ஒழுக்கம் என்ற அதே சு-சீலம். ஜாவாக்காரர் வாயில் நம் 'அ' பல இடத்தில் 'ஒ' ஆகிவிடும், கர்ணன் பெயரைத்தான் சுகர்னோவுக்கு அவர் அப்பா வைத்தார். அன்றிலிருந்து மாமியார் எதிரிலேயே என்னை 'இபு பிரசிடென்' (அதிபர் அம்மா) என்று கூப்பிட ஆரம்பித்தாள். மாமியாருக்கு அது பிடிக்கவே இல்லை.

ஈசூன்வாசி

யாராவது சீனப் பெயர் பற்றி எழுதுவார்கள் என்று பார்த்தேன், காணோம். கீழே கோப்பிக்கடையில் தினமும் உட்காரும் ஒரு ஆ கோங், சீனத் தாத்தா. ஹொக்கியன் பேசுபவர். பெயரில் 'பூன்' இருக்கிறது, பேரன் பெயரில் 'வென்'. குடும்பத்தில் ஒரே எழுத்தைத் திரும்ப வைக்க மாட்டார்களே என்று தெரியாத்தனமாக ஏதோ சொல்லிவிட்டேன். சட்டென்று கோப்பித் தட்டில் சிந்தியிருந்ததில் விரலைத் தொட்டு மேசையில் நான்கு கோடு போட்டார். மேலே ஒரு புள்ளி, ஒரு கிடைக்கோடு, கீழே கத்தரிக்கோல் மாதிரி இரண்டு. "பூன்" என்றார். அதே கோட்டைத் தட்டி, "வென்." மறுபடி தட்டி, "என் மனைவி கான்டனீஸ், அவளுக்கு மான்." கோப்பி கலக்கும் வியட்நாம் மருமகளைக் காட்டி, "அவளுக்கு வான்." எழுத்து ஒன்று, நாலு வாய். 1979-இல் மாண்டரின் பேசச் சொல்லும் அரசு இயக்கம் வந்த பிறகு பிறந்த பேரன் வென் ஆனான்.

நம் பேட்டையே அப்படித்தானே, லிம் நீ சூன் என்ற மனிதரின் பெயரை மாண்டரினில் எழுதியதால் ஈசூன். ஆனால் அன்றைக்கு அவர் முகத்தில் ஒரு கோபம் இருந்தது. பேரன் மீதா, என் மீதா, இன்றுவரை தெரியவில்லை. துடைப்பதற்கு முன்பே அந்தக் கோடு காய்ந்துவிட்டது.

எழில்

தெம்பனிஸ் அப்பா, இன்னொன்று. மலாயில் குறில் நெடில் வேறுபாடு கிடையாது. நீலம்தான் அங்கே நிலா ஆகியிருக்கிறது. பயப்படாதீர்கள், சிங்கப்பூருக்குப் பெயர் வைத்ததாகப் பழைய மலாய் வரலாற்று நூல் செஜாரா மெலாயு சொல்லும் இளவரசர் யார்? சாங் நிலா உத்தாமா. பாட்டி அவரைக்கூட நினைத்திருக்கலாம்.

தெம்பனிஸ் அப்பா

'செதித்திக்' என்று என் காதால் கேட்டேன் எழில், இளவரசர் எல்லாம் இல்லை.

சரி, நேற்று துணிந்து கேட்டுவிட்டேன். அதே லிஃப்ட். பாட்டிக்கு நினைவே இல்லை! பழமொழி வாயில் வந்திருக்கும், பிள்ளையைச் சொல்லவில்லை என்று பதறிப்போய்விட்டார். உங்கள் மொழியில் என்ன அர்த்தம் என்று கேட்டார். மலாயில் சொல் வரவில்லை. லிஃப்டுக்குள் நின்றுகொண்டு மேலே கூரையைக் காட்டினேன். அவரும் மேலே பார்த்தார், அங்கே டியூப் லைட். பிறகு விளங்கி, "ஓ, பூலான்!" என்றார்.

இன்று காலை வாய்ட் டெக்கில் (கட்டடத்தின் திறந்த கீழ்த்தளம்) "பூலான், பூலான்" என்று கூப்பிட்டிருக்கிறார். இவளும் ஓடியிருக்கிறாள். யார் அது பூலான் என்று மனைவி கேட்கிறாள்.

எழில்

பிறப்புப் பத்திரத்தில் நிலாவுக்கு ஒரு எல் போட்டீர்களா, இரண்டா?