ராஜா சார் பாட்டை வாசிக்கப் போய் மாட்டிக்கிட்டவங்க யாராவது இருக்கீங்களா?

பேஸ்காரன்:
நான் 90கள்ல மதுரைப் பக்கம் திருவிழா ஆர்கெஸ்ட்ராவுல பேஸ் கிட்டார் வாசிச்சவன். நோட்ஸ் எல்லாம் யாரு குடுப்பா, கேசட்டை ரீவைண்ட் பண்ணிப் பண்ணி காதாலதான் எடுக்கணும். மத்த பாட்டுன்னா ரெண்டு நோட்டைத் தட்டிக்கிட்டே தப்பிச்சுரலாம், இளையராஜா பாட்டுல அந்த வேலை ஆகாது. மூடுபனியில (1980, அவருக்கு 100வது படம்) "என் இனிய பொன் நிலாவே" இருக்குல்ல, அதுல பேஸ் தனக்குன்னு ஒரு பாட்டு பாடிட்டே போகும். ஒரு நாள் மேடையில பாதியில விரல் சிக்கி விட்டுட்டேன். சரி பாடகர் சத்தத்துல யாருக்குத் தெரியப்போகுதுன்னு இருந்தா, இறங்கினதும் துண்டு போட்ட ஒரு பெரியவர் வந்து "ஏன் தம்பி, அடியில ஒண்ணு ஓடிட்டே வருமே, அதை எங்க காணோம்?"னு கேட்டார். பேஸ்னு பேரு கூட அவருக்குத் தெரியாதுங்க!

வயலின் தம்பி:
அண்ணே, அது தானா அமையிறது இல்ல. ராஜா சார் தன்ராஜ் மாஸ்டர்கிட்ட வெஸ்டர்ன் மியூசிக் படிச்சு, மியூசிக் டைரக்டர் ஜி.கே. வெங்கடேஷ்கிட்ட அசிஸ்டென்ட்டா இருந்து வந்தவர், மெட்டுப் போட்டதோட விடமாட்டார், வயலின் புல்லாங்குழல் பேஸ்னு ஒவ்வொருத்தருக்கும் ஸ்டாஃப் நோட்டேஷன்ல (அஞ்சு கோட்டுல எழுதுற வெஸ்டர்ன் முறை) அவரே எழுதிடுவார். ரீ-ரெக்கார்டிங்கும் (பின்னணி இசை) அப்படித்தான், ரீலைப் பார்ப்பார், நேரா பேப்பர்ல எழுத ஆரம்பிச்சுருவார். 2025 மார்ச்ல லண்டன்ல சிம்பொனி அரங்கேறுச்சே, அதுவும் கையால எழுதினதுதான். நான் பார்த்த ஒரு கச்சேரியில இன்டர்லூட் (பாட்டுக்கு நடுவுல வர்ற வாத்திய இசை) லேசா பிசகிச்சு, எனக்கே பிடிபடல, அவர் கையைக் காட்டி நிறுத்திட்டு முதல்லேர்ந்து ஆரம்பிக்க வெச்சார். பக்கத்து சீட்டுக்காரர் "ரெண்டு தடவை கேட்டாச்சு, டிக்கெட் காசு வந்துருச்சு"ன்னார் 😄

பாட்டு டீச்சர்:
எல்லாமே அற்புதம்னு நான் சொல்ல மாட்டேன்பா, வருஷத்துக்கு அத்தனை படம் பண்ணா சிலது சுமாராத்தான் இருக்கும். ஆனா சிந்து பைரவி (1985, தேசிய விருது வாங்கிக் குடுத்த படம்) வேற. "கலைவாணியே" கல்யாணி ராகம், முழுக்க ஆரோகணம், அதாவது ஸ்வரம் ஏறிக்கிட்டே போகும், இறங்குற அவரோகணமே கிடையாது. இதைச் சொல்லாம ஒரு பொண்ணை ஸ்வரம் எழுதிட்டு வரச் சொன்னேன். ஒரு இடத்துல இறங்குற மாதிரி எழுதிட்டு வந்துச்சு. பாடிக் காட்டுன்னேன். நாலு தடவை பாடிட்டு முழிச்சுது, அப்புறம் "மிஸ், இங்க இறங்கல, விட்டுட்டு கீழேர்ந்து மறுபடி ஏறுது மிஸ்"ன்னுச்சு. எனக்குக் கை சிலிர்த்துருச்சு.

பேஸ்காரன்:
டீச்சர், நம்ம கதை இன்னும் கேவலம். போன வாரம் பையன் ஏதோ ஆப்ல போட்டு அந்தப் "பொன் நிலாவே" பாட்டோட பேஸை மட்டும் தனியா பிரிச்சுக் குடுத்தான். விரல் சிக்கின இடம் கூட பரவாயில்ல, சரியா வாசிச்சோம்னு முப்பது வருஷமா நினைச்சிட்டு இருந்த இடம்தான் தப்பு.