புதுப்பிப்பு: நேராகப் பின்வாங்கும் பழக்கம் நீங்கியது (கியோகுஷின் கராத்தே)

உடம்புக்குத் தொடர்குத்து விட்டபடி எதிராளி ஏறி வந்தால், பின்னாலேயே போய் களத்தின் விளிம்பில் மாட்டுவதை எப்படி நிறுத்துவது என்று கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி.

பலித்தது, "பின்னால் போகாதே, சாய்வாக முன்னால் போ" என்ற யோசனை. 1980இல் கராத்தே ஆசிரியர் அஷிஹாரா ஹிதேயுகி தனிப் பாணியாக வளர்த்த சபாக்கியின் (தாக்குதலின் பாதையை விட்டு எதிராளியின் பக்கவாட்டுக்கு நகரும் முறை) அடிப்படையும் இதுதான். இருவரும் இடது கால் முன்வைத்து நிற்கும்போது, எதிராளியின் வலக்கைக் குத்து கிளம்பியதும் இடது காலை 45 பாகை முன்-இடப்பக்கம் வைக்கணும். இடது உள்ளங்கையால் அவர் முழங்கையைத் தள்ளிக்கொண்டே முன்பாதத்தில் சுழன்று வலது காலைப் பின்னால் இழுக்கணும். அவருடைய வலது விலா அப்படியே திறந்து கிடக்கும்: வலது ஷிதா ட்சுகி (கிட்டத்தில் கீழிருந்து உடம்புக்கு விடும் குத்து), உடனே வலது முழங்கால். கையைப் பிடிக்கக் கூடாது, பிடித்தால் விதிமீறல்.

முதலில் அடியில் பலமே இல்லை. பின்கால் இழுபடாமல் தங்கிவிட்டதால் இடுப்பு திரும்பவில்லை. குத்தை மறந்து கால் மாற்றத்தை மட்டும் 3 நிமிடச் சுற்றுகளாகப் பழகியதும் சரியானது. அந்த நெருக்கத்தில் லோ கிக் (காலுக்கு விடும் தாழ்வான உதை) வேண்டாம். கணைக்கால் எலும்பை வீச இடமில்லை, தொடைதான் உரசும்.

எதிர்பாராதது ஒன்று: அவர் குத்துக்குப் பதில் வலது லோ கிக் விட்டால், இதே காலடி நேராக உதைக்குள் கொண்டுபோய் விடுகிறது. அவர் வலது குதிகால் எழும்பி இடுப்பு முந்தினால் உதை என்று வைத்துக்கொள்ளுங்கள். நகராமல் இடது முழங்காலை வெளிப்பக்கம் திருப்பித் தூக்கி, கணைக்காலால் தடுத்து, அந்தக் காலை ஊன்றும்போதே உள்ளே ஏறணும்.