எல்லாவற்றையும் கரைக்கும் திரவத்தை எதில் வைப்பது? யோசனை தேவை

மிகைபுனைவு நாவல் ஒன்றுக்கு, ரசவாதிகளின் அல்கஹெஸ்ட் மாதிரி ஒரு சர்வகரைப்பான் வேண்டும். முரண் பழையதுதான்: எதையும் கரைக்குமென்றால் குடுவை மட்டும் எப்படித் தப்பும்? 17ஆம் நூற்றாண்டு ஜெர்மன் ரசவாதி குங்கெல் இதைக் கேட்டு மடக்கிவிட்டார். ‘மந்திரக் குடுவை’ என்று எழுதுவது சோம்பேறித்தனம், அது வேண்டாம்.

கையில் இரண்டு வழிகள். ஒன்று, கூட்டுப்பொருள்களை மட்டும் தனிமங்களாகப் பிரிக்கும் என்ற விதி. அப்போது சுத்தத் தங்கக் கிண்ணம் தாங்கும். ஆனால் பற்றவைத்த மூட்டு ஆகாது. பற்றாசில் உள்ள கலப்பு பிரிந்து, அங்கேதான் முதலில் ஒழுகும். ஒரே தகட்டை அடித்துக் குழிக்க வேண்டும்.

இன்னொன்று, ராஜதிராவகம் காட்டும் வழி. மூன்று பங்கு ஹைட்ரோகுளோரிக், ஒரு பங்கு நைட்ரிக் சேர்ந்த அந்தக் கலவை தங்கத்தையே கரைக்கும். வெள்ளியிலோ குளோரைடு படலம் படிந்து, கரைவது நின்றுவிடும். அதாவது திரவமே தனக்கு உறை செய்துகொள்கிறது. எனக்கு இதுதான் பிடித்திருக்கிறது.

சிக்கல் மூடியில். ராஜதிராவகத்தை இறுக மூடினால் வாயு சேர்ந்து புட்டி வெடிக்கும். இதற்கும் அப்படித்தான் என்றால், குதிரைமேல் பத்து நாள் பயணத்தில் சிந்தாமல் எப்படிக் கொண்டுபோவது? குலுங்கும்போது படலம் உரிந்தால், மறுபடி படியும்வரை எவ்வளவு உலோகம் போகும்? வேதியியல் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.